அணைக் கணக்கும் மூச்சுக் கணக்கும்

பாபநாசம் அணையின் நீர்மட்டம் என்ன? வரத்து எத்தனை கனஅடி? திறந்துவிட்டது எத்தனை கனஅடி?

நெல்லைச் சீமையில் காலைப் பத்திரிகையைப் பிரிக்கும் விவசாயி முதலில் தேடுவது இந்த எண்களைத்தான். மந்திரிகளின் பேச்சு பிறகு. சினிமாச் செய்தி அதற்கும் பிறகு. 143 அடி கொள்ளும் அணையில் எத்தனை அடி நிற்கிறது என்று தெரிந்தால்தான், காருக்குத் தண்ணீர் உண்டா, பிசானத்தில் நம்பி நாற்றுப் பாவலாமா என்று சொல்ல முடியும். கோடைமேலழகியானிலிருந்து ஸ்ரீவைகுண்டம் வரை எட்டு அணைக்கட்டுகள் இந்த ஒரே ஆற்றை நம்பி நிற்கின்றன. மடையைத் திறப்பவன் மட்டத்தையும், ஓட்டத்தையும், கொள்ளளவையும் மறந்துவிட்டு மனம்போனபடி திறந்தால் என்ன ஆகும்? ஒரு பக்கம் வயல் காயும். இன்னொரு பக்கம் கரை உடையும்.

இதை நமக்கு யாரும் பாடம் நடத்த வேண்டியதில்லை. ஆனால், இதே மூன்று எண்கள் இன்னொரு இடத்திலும் மனித உயிரைத் தாங்கி நிற்கின்றன. அங்கே அவற்றைப் படிக்க நம்மில் பெரும்பாலோருக்குத் தெரியாது. படிக்கத் தெரிந்தவர்களோ போதுமான எண்ணிக்கையில் இல்லை. அந்த இடம், ஆஸ்பத்திரியின் தீவிர சிகிச்சைப் பிரிவு. அந்த யந்திரம், வென்டிலேட்டர் என்கிற செயற்கைச் சுவாச யந்திரம்.

ஒரு மகன் கேட்ட கேள்வி

பாபநாசத்தை அடுத்த பகுதியைச் சேர்ந்த ஒரு தோழர். பஞ்சாலையில் பஞ்சை அடித்துச் சிக்கெடுக்கும் பகுதியில் வாலிபம் முழுவதையும் கழித்து ஓய்வு பெற்றவர். பல வருஷங்களாகவே மூச்சிரைப்பு. ஒரு மார்கழி இரவில் சளி கட்டி, மூச்சு முட்டி, உதடு நீலம் பாரித்த நிலையில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். தொண்டைக்குள் குழாய் இறக்கி யந்திரத்தில் இணைத்தார்கள். மறுநாள் நாம் பார்க்கப் போனோம்.

படுக்கைக்குத் தலைமாட்டில் ஒரு திரை. அதில் மூன்று கோடுகள் ஒன்றன்கீழ் ஒன்றாக ஏறுவதும் இறங்குவதுமாக ஓடிக்கொண்டிருந்தன. கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்ற மகன் நம் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டான்:

“அண்ணாச்சி, அந்தக் கோடு ஏறி ஏறி எறங்குதே, அப்பா நல்லா இருக்காவன்னுதானே அர்த்தம்?”

நமக்குப் பதில் தெரியவில்லை. கூலி உயர்வுக் கணக்குத் தெரியும். போனஸ் கணக்குத் தெரியும். மில்லின் லாப நஷ்டக் கணக்கைப் புரட்டிப் பார்த்து எதிர்வாதம் செய்யவும் தெரியும். தோழனுடைய உயிர்க்கணக்கு கண்முன்னால் ஓடிக்கொண்டிருந்தது. அதைப் படிக்கத் தெரியவில்லை. வெட்கமாகத்தான் இருந்தது. “பயப்படாதே தம்பி” என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தோம். பிறகு விஷயம் தெரிந்த டாக்டர்களையும் நர்சுகளையும் கேட்டுக் கேட்டுக் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே தோழர்களோடு பகிர்ந்துகொள்கிறோம்.

கையிலிருந்து யந்திரத்துக்கு

நாம் இயல்பாக மூச்சு விடும்போது மார்பு விரிகிறது. உள்ளே அழுத்தம் குறைகிறது. காற்று தானாக உள்ளே வருகிறது. வென்டிலேட்டர் இதற்கு நேர் எதிராக வேலை செய்கிறது. அது காற்றை வெளியிலிருந்து அழுத்தி உள்ளே தள்ளுகிறது. வெளியே வருவதற்கு மட்டும் அது உதவி செய்வதில்லை. விரிந்த நுரையீரல் தானே சுருங்கிக் காற்றை வெளியே விடவேண்டும். இந்த ஒன்றை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரப்போகிற விபத்துகளில் பாதிக்கு மூலம் இங்கேதான் இருக்கிறது.

இந்த முறை பரவியதற்குப் பின்னால் ஒரு வீர வரலாறு உண்டு. 1952-ஆம் ஆண்டு டென்மார்க் தேசத்தின் கோபன்ஹேகன் நகரை இளம்பிள்ளை வாதம் தாக்கியது. கழுத்துக்குக் கீழே உடலைப் பெட்டிக்குள் வைத்து மூச்சு வாங்கச் செய்யும் ‘இரும்பு நுரையீரல்’ 1928-லேயே அமெரிக்காவில் வந்துவிட்டது. ஆனால் அந்த நகரின் தொற்றுநோய் ஆஸ்பத்திரியில் அத்தகைய யந்திரங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. ஆரம்ப வாரங்களில் மூச்சுத் தசைகள் செயலிழந்து யந்திர உதவி பெற்ற 31 பேரில் 27 பேர் மாண்டனர்.

அப்போது பியோர்ன் இப்சென் என்ற மயக்க மருந்து நிபுணர் ஒரு யோசனை சொன்னார். தொண்டையில் துளையிட்டுக் குழாய் வைத்து, ரப்பர்ப் பையைக் கையால் அமுக்கிக் காற்றை உள்ளே செலுத்துவோம் என்றார். யார் அமுக்குவது? ஏறத்தாழ 1,500 மருத்துவ மாணவர்கள் முறைபோட்டு, ஷிஃப்டு ஷிஃப்டாக வந்து உட்கார்ந்து, இரவும் பகலும் வாரக்கணக்கில் பையை அமுக்கினார்கள். சாவு பாதிக்கும் கீழே இறங்கியது. இன்றைய தீவிர சிகிச்சைப் பிரிவு பிறந்தது அங்கேதான். யந்திரத்தில் அல்ல தோழர்களே, ஷிஃப்டு வேலை பார்த்த கைகளில் பிறந்தது!

அந்தக் கைகளுக்கு ஒரு பெருமை உண்டு. பையை அமுக்கும்போதே, நுரையீரல் இளக்கமாக இருக்கிறதா, கல்லாய் இறுகிவிட்டதா, குழாயில் சளி அடைக்கிறதா, நோயாளி தானே மூச்சு வாங்க முயல்கிறானா என்பதெல்லாம் அமுக்குகிற கைக்குத் தெரிந்துவிடும். பிறகு கையின் இடத்தில் யந்திரம் வந்தது. யந்திரம் சோர்வதில்லை, தூங்குவதில்லை, ஆனால் அதற்கு உணர்வும் இல்லை. இழந்த அந்த உணர்வை மீட்டுக் கொடுப்பதற்காக வந்தவைதான் திரையில் ஓடும் கோடுகள். கை உணர்ந்ததைக் கண் பார்க்கவேண்டும். கண்ணே அங்கே இல்லாவிட்டால்?

மூன்று கோடுகள்

முதல் கோடு அழுத்தம். இது அணையின் நீர்மட்டம் போன்றது. உவமைக்காகச் சொல்லவில்லை, இந்த அழுத்தத்தை அளக்கும் அலகே ‘இத்தனை சென்டிமீட்டர் நீர்’ என்பதுதான். நுரையீரலின் சிற்றறைகளில் இந்த அழுத்தம் 30 சென்டிமீட்டரைத் தாண்டாமல் பார்த்துக்கொள்ளவேண்டும் என்பது பொதுவான விதி. 30 சென்டிமீட்டர் என்றால் ஓர் அடி. பாபநாசம் அணை 143 அடி தாங்குகிறது. மனிதனின் நுரையீரலுக்கு ஓர் அடித் தண்ணீரின் பாரமே எல்லை. எவ்வளவு மெல்லிய கரை என்று பாருங்கள்!

இரண்டாவது கோடு ஓட்டம். ஒரு நிமிஷத்துக்கு எத்தனை லிட்டர் வேகத்தில் காற்று ஓடுகிறது என்பதைக் காட்டுவது. காற்று உள்ளே போகும்போது கோடு நடுக்கோட்டுக்கு மேலே நிற்கும். வெளியே வரும்போது கீழே இறங்கும். முழுவதும் வெளியேறியதும் நடுக்கோட்டை, அதாவது பூஜ்யத்தை, வந்து தொடும்.

மூன்றாவது கோடு கொள்ளளவு. ஒரு மூச்சில் எத்தனை மில்லிலிட்டர் போயிற்று, எத்தனை திரும்பி வந்தது என்ற கணக்கு. 400 போய் 400 வந்தால் சரி. 400 போய் 300-தான் வருகிறது, கோடு கீழே வந்து சேராமல் நடுவழியில் நின்றுவிடுகிறது என்றால் பெரும்பாலும் எங்கோ கசிவு. குழாய் இணைப்பில் இருக்கலாம். தொண்டைக்குள் குழாயைச் சுற்றியுள்ள காற்றுப் பட்டையில் இருக்கலாம். வாய்க்கால் தலைப்பில் விட்ட தண்ணீர் கடைமடைக்கு வரவில்லையென்றால் நடுவில் உடைப்பு இருக்கிறது என்று நாம் சொல்வதில்லையா? அதே கணக்கு.

ஒரு மூச்சுக்கு எவ்வளவு கொடுப்பது? தாராளமாகக் கொடுத்தால் நல்லது என்றுதான் ஒரு காலத்தில் நினைத்தார்கள். 2000-ஆம் ஆண்டில் அமெரிக்காவில் பல ஆஸ்பத்திரிகள் சேர்ந்து நடத்திய ஆராய்ச்சியின் முடிவு வெளிவந்தது. நுரையீரல் கடுமையாகப் பாதிக்கப்பட்ட 861 பேரை இரு பிரிவாக்கி, ஒரு பிரிவுக்குக் கிலோவுக்கு 12 மில்லிலிட்டர், மறு பிரிவுக்கு 6 மில்லிலிட்டர் என்று கொடுத்தார்கள். அதிகம் வாங்கியவர்களில் நூற்றுக்கு ஏறத்தாழ 40 பேர் இறந்தார்கள். குறைவாக வாங்கியவர்களில் 31 பேர். அளவு மீறிய காற்றே கொன்றது!

இங்கே ‘கிலோ’ என்பது தராசில் நிறுத்த எடை அல்ல. உயரத்தைக் கொண்டு கணக்கிடும் எடை. பட்டினியால் மெலிந்தவனுக்கும் தின்று கொழுத்தவனுக்கும் உயரம் ஒன்றானால் நுரையீரலும் ஏறக்குறைய ஒன்றுதான். 165 சென்டிமீட்டர் உயரமுள்ள ஆணுக்குக் கணக்கு எடை சுமார் 61 கிலோ. கிலோவுக்கு 6 வீதம் மூச்சுக்கு ஏறத்தாழ 370 மில்லிலிட்டர். ஆகவே நோயாளியைச் சேர்த்த உடனே நாடாவை எடுத்து உயரத்தை அளக்காத இடத்தில் இந்தக் கணக்கு வெறும் குத்துமதிப்பாகிவிடும்.

கோடு பூஜ்யத்தைத் தொடாவிட்டால்

நம் தோழருக்கு நேர்ந்தது இதுதான். பஞ்சுத் தூசியாலும் பீடிப் புகையாலும் குறுகிப்போன மூச்சுக் குழாய்கள். காற்றை உள்ளே தள்ள யந்திரத்தால் முடிகிறது. வெளியே வரும் வழியோ குறுகல். ஆகவே மெதுவாகத்தான் வருகிறது. முழுவதும் வெளியேறுவதற்கு முன்பே யந்திரம் அடுத்த மூச்சைத் தள்ளிவிடுகிறது. முந்தைய காற்றில் கொஞ்சம் உள்ளேயே சிறைப்படுகிறது. அடுத்த மூச்சில் இன்னும் கொஞ்சம். இப்படியே சேர்ந்து சேர்ந்து மார்பு பானையாய்ப் பூரிக்கிறது.

குளத்தின் வடிகால் மடை குறுகியிருக்கும்போது, மேலிருந்து முறை தவறாமல் தண்ணீரை விட்டுக்கொண்டே இருந்தால் என்ன ஆகும்? கரை விம்மும். அக்கம்பக்கத்தை அழுத்தும். நுரையீரலுக்குப் பக்கத்தில் இருப்பது இருதயம். அதற்குத் திரும்பி வரவேண்டிய ரத்தம் தடைப்படுகிறது. ரத்த அழுத்தம் சரிகிறது. விஷயம் தெரியாதவர் ‘இருதயம் பலவீனம்’ என்று மருந்துக்கு மேல் மருந்து ஏற்றுவார். காரணமோ திரையில், எல்லோர் கண்ணுக்கும் முன்னால், ஓடிக்கொண்டிருக்கும். ஓட்டக் கோடு கீழே இறங்கி, மேலே வந்து, பூஜ்யத்தைத் தொடாமலே அடுத்த மூச்சுக்குத் தாவிவிடும். சிறைப்பட்ட காற்றுக்கு இதுதான் அடையாளம்.

பரிகாரம் என்ன? இன்னும் வேகமாக மூச்சு கொடுப்பதா? இல்லை, நிதானமாகக் கொடுப்பது! நிமிஷத்துக்கு 20 மூச்சு என்றால் ஒரு மூச்சுக்கு 3 வினாடி. உள்ளே போக 1 வினாடி என்றால் வெளியே வர 2 வினாடிதான். அதை 12 ஆகக் குறைத்தால் ஒரு மூச்சுக்கு 5 வினாடி. வெளியே வர 4 வினாடி கிடைக்கிறது. அதோடு குழாயை விரிக்கும் மருந்தும் கொடுத்தால் கோடு மெல்ல மெல்லப் பூஜ்யத்துக்குத் திரும்பும். ரத்த அழுத்தம் அடியோடு சரிந்த நெருக்கடியில், தேர்ந்த டாக்டர் குழாயை யந்திரத்திலிருந்து சில வினாடி கழற்றிவிடுவதும் உண்டு. சிறைப்பட்ட காற்று ‘புஸ்’ என்று வெளியேறும், நாடி திரும்பும். இது தெரிந்த கை செய்யவேண்டிய காரியம். வேறு யாரும் தொடக்கூடாது.

குழாயில் கோளாறா, நுரையீரலில் கோளாறா?

அழுத்தக் கோடு திடீரென்று உயர்ந்து எச்சரிக்கை மணி அடிக்கிறது என்று வைத்துக்கொள்வோம். மணியை நிறுத்துவது வைத்தியம் அல்ல. எங்கே தடை என்று கண்டுபிடிக்கவேண்டும். அதற்கு ஓர் எளிய சோதனை இருக்கிறது. காற்று உள்ளே போய் முடிந்ததும், வெளியே விடாமல் அரை வினாடி யந்திரத்தை நிறுத்திப் பிடிப்பது. ஓட்டம் நின்றுவிட்டதால் குழாயின் உராய்வு கணக்கிலிருந்து விலகிவிடும். மிஞ்சுவது நுரையீரலின் சொந்த அழுத்தம்.

உச்ச அழுத்தம் 40. நிறுத்திப் பிடித்ததும் 20-க்கு இறங்கிவிட்டது என்றால், நுரையீரல் இளக்கமாகவே இருக்கிறது, வழியில்தான் தடை. சளி அடைத்திருக்கலாம், நோயாளி குழாயைக் கடித்திருக்கலாம், குழாய் மடங்கியிருக்கலாம், மூச்சுக் குழல்கள் இறுகியிருக்கலாம். உச்சம் 40, நிறுத்திப் பிடித்தும் 35-லேயே நிற்கிறது என்றால் குற்றவாளி வேறு. நுரையீரல் இறுகிவிட்டது, அல்லது தண்ணீர் கோத்திருக்கிறது, அல்லது ஓட்டை விழுந்து மார்புக்கூட்டுக்குள் காற்று பாய்ந்திருக்கிறது, அல்லது குழாய் ஒரு பக்க நுரையீரலுக்குள் மட்டும் இறங்கிவிட்டது. உச்ச எண் ஒன்றேதான். வைத்தியமோ முற்றிலும் வேறு. முன்னதில் தடை சளி என்றால் அதை உறிஞ்சினால் போதும். பின்னதில் ஊசி குத்திக் காற்றை வெளியேற்ற நிமிஷங்களே இருக்கலாம்.

இன்னொரு அடையாளம், ரம்பப் பல். ஓட்டக் கோடு வழவழவென்று ஓடாமல் அரிவாளின் கருக்குப்போல் நறநறவென்று ஓடினால், குழாயில் சளியோ தண்ணீரோ தேங்கியிருக்கிறது என்று பொருள். காதில் கேட்பதற்கு முன்பே கண்ணில் தெரிந்துவிடும் செய்தி இது.

மனிதனும் யந்திரமும் மோதும்போது

நினைவு திரும்பும் நோயாளி தானே மூச்சு வாங்க முயல்வான். யந்திரம் அதை உணர்ந்து ஒத்துப்போகவேண்டும். பல சமயம் ஒத்துப்போவதில்லை. அவன் மூச்சுக்காக முயல்கிறான், யந்திரம் கண்டுகொள்வதில்லை, ஓட்டக் கோட்டில் ஒரு சிறு திமில் மட்டும் எழுந்து அடங்குகிறது. இன்னொருவனுக்கு வேண்டியது நீண்ட மூச்சு; யந்திரம் கொடுப்பது குறுகியது. ஆகவே ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு மூச்சு ஏறிவிடுகிறது, அளவு இரட்டிப்பாகிறது. மூன்றாமவனுக்கு வேகம் போதவில்லை. பசித்தவன் உறிஞ்சுவதுபோல் உறிஞ்சுகிறான். அழுத்தக் கோட்டின் நடுவில் குழி விழுகிறது.

2006-இல் வெளிவந்த ஓர் ஆராய்ச்சியில், யந்திரத்தில் இருந்த 62 நோயாளிகளைக் கவனித்தார்கள். ஏறத்தாழ நாலில் ஒருவருக்கு இந்த மோதல் அதிகமாக இருந்தது. அவர்கள் யந்திரத்தில் கிடந்த நாட்களும் அதிகமாக இருந்தன.

இந்த மோதலைக் கண்டதும் ‘நோயாளி அடங்கமாட்டேன் என்கிறான், மயக்க மருந்தைக் கூட்டு’ என்பது சுலபமான வழி. சில சமயம் அது தேவையும்கூட. ஆனால் முதல் கேள்வி அதுவாக இருக்கலாமா? எந்த இடத்தில் யந்திரம் அவனுக்குப் பொருந்தவில்லை என்றல்லவா முதலில் பார்க்கவேண்டும்? தறியின் வேகத்துக்குத் தன்னை ஒடுக்கிக்கொள்ளும்படி தொழிலாளியிடம் சொன்ன காலம் நமக்கு மறக்கவில்லை. யந்திரத்துக்காக மனிதனா, மனிதனுக்காக யந்திரமா என்று ஆலை வாசலில் நாம் கேட்ட கேள்வி, நோய்ப்படுக்கையிலும் கேட்கத் தகுந்த கேள்விதான். அதற்கு விடை அந்தக் கோடுகளில் இருக்கிறது.

நம் பள்ளத்தாக்கில் யார் யார்?

பொருநைக் கரையில் இந்த யந்திரத்துக்கு வந்து சேருகிறவர்கள் யார்? பணம் படைத்தவர்கள் மட்டுமா?

பாபநாசத்து நீர்வீழ்ச்சியின் சக்தியை நம்பிப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலேயே ஹார்வி கம்பெனியார் இங்கே பஞ்சாலை கண்டார்கள். பிறகு 1944-இல் நீர்மின் நிலையமும் வந்தது. ஆலை என்றால் பஞ்சு. பஞ்சு என்றால் தூசி. அதை வருஷக்கணக்கில் சுவாசிப்பவர்களுக்கு வரும் நோய்க்கு பிஸ்ஸினோசிஸ் என்று பெயர். ஞாயிறு விடுமுறை கழித்துத் திங்கட்கிழமை வேலைக்குப் போனதும் நெஞ்சை இறுக்கும். வாரக் கடைசியில் தளரும். ஆரம்பத்தில் இப்படி விட்டுவிட்டு வருவது, நாளடைவில் நிரந்தரமாகிவிடும். ‘திங்கட்கிழமைக் காய்ச்சல்’ என்று உலகெங்கும் ஆலைத் தொழிலாளிகள் அதற்குப் பேர் வைத்தார்கள். சட்டத்தின் தொழில்நோய்ப் பட்டியலிலும் அது இடம் பெற்றிருக்கிறது.

அம்பாசமுத்திரம், முக்கூடல், கடையம், மேலப்பாளையம் வட்டாரங்களில் வீட்டுக்கு வீடு பீடி சுற்றும் தாய்மார்கள் புகையிலைத் தூளுக்கு நடுவிலேயே வாழ்கிறார்கள். வயலில் பூச்சிமருந்து தெளிப்பவர்களுக்கு விஷம் ஏறுவது உண்டு. தரையில் பாய் விரித்துப் படுப்பவர்களைக் கட்டுவிரியன் தீண்டுவது உண்டு.

கட்டுவிரியன் விஷம் நுரையீரலைத் தொடுவதில்லை, தசைகளை முடக்குகிறது. இமை தூக்கமுடியாமல், நாக்கு அசையாமல், மூச்சு நின்றுபோகும். ஆனால் உள்ளே நினைவு இருக்கலாம். பக்கத்தில் பேசுவது காதில் விழலாம்! விஷமுறிவு மருந்தோடு சில நாட்கள் யந்திரம் மூச்சைத் தாங்கிக்கொண்டால், அவர் எழுந்து நடந்து வீட்டுக்குப் போவார். பூச்சிமருந்து விஷத்தில் இன்னொரு ஆபத்து இருக்கிறது. முதல் கண்டம் தப்பியபிறகு, ஒன்றிலிருந்து நான்கு நாட்களுக்குள் மூச்சுத் தசைகள் மறுபடி தளர்ந்துவிடும். இதை 1987-இல் உலகுக்கு எடுத்துச் சொன்னவர்கள் நம் பக்கத்து இலங்கையின் டாக்டர்கள் சேனநாயக்கவும் கரல்லியத்தவும். இப்படிப்பட்ட நோயாளியின் சொந்த மூச்சு முயற்சி நாளுக்கு நாள் வளர்கிறதா, தேய்கிறதா என்பதைக் கோடுகள் காட்டும். அதைப் பார்க்காமல் அவசரப்பட்டுக் குழாயை எடுத்தால் வந்த வழியே திரும்பவேண்டியதுதான்.

ஆக, இந்த யந்திரம் பணக்காரனின் ஆடம்பரம் அல்ல. உழுகிறவன், நூற்கிறவன், பீடி சுற்றுகிறவள் — இவர்களின் கடைசித் துணை.

யந்திரம் வந்தது, ஆள்?

2020, 2021-ஆம் ஆண்டுகளில் கொரோனா தாக்கியபோது ‘வென்டிலேட்டர்’ என்ற சொல் பட்டிதொட்டியெல்லாம் பரவியது. சர்க்கார்கள் ஆயிரக்கணக்கில் யந்திரங்களை வாங்கின. நல்லதுதான், மறுக்கவில்லை. ஆனால் நாட்டின் பல பகுதிகளில் யந்திரம் வந்து இறங்கியும், இயக்கப் பயிற்சி பெற்ற ஆள் இல்லாமல் உறை பிரிக்காமல் கிடந்த செய்திகளையும் அப்போது படித்தோம். யந்திரத்தை டெண்டர் போட்டு வாங்கலாம். கண்ணையும் மூளையையும் டெண்டரில் வாங்கமுடியுமா?

நம் தோழரின் கதைக்கு வருவோம். அன்றிரவு அவர் ரத்த அழுத்தம் சரிந்தது. பணியில் இருந்த இளம் நர்ஸ் ஒருவர் ஓட்டக் கோட்டைப் பார்த்தார். அது பூஜ்யத்தைத் தொடவில்லை என்பதைக் கண்டார். ஓடிப்போய் டாக்டரை எழுப்பினார். டாக்டர் வந்து குழாயைக் கழற்றிச் சில வினாடி காற்றை விட்டார். மூச்சு எண்ணிக்கையைக் குறைத்தார். அரை மணியில் நாடி நிமிர்ந்தது. ஒன்பதாம் நாள் குழாயை எடுத்தார்கள்.

அன்றிரவு அந்த நர்ஸ் எத்தனை படுக்கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார் தெரியுமா? நான்கு! யந்திரத்தில் இருக்கும் நோயாளி ஒருவருக்கு ஒரு நர்ஸ் வேண்டும் என்பது இந்தியத் தீவிர சிகிச்சை மருத்துவர் சங்கம் வகுத்த நெறி. நான்கு பேரைக் கவனிக்கும் ஒருவர், நான்காவது படுக்கையில் சளி உறிஞ்சிக்கொண்டிருந்த நேரத்தில் இது நடந்திருந்தால்? நம் தோழர் பிழைத்தது ஒழுங்கால் அல்ல. ஒரு பெண்ணின் விழிப்பால். விழிப்பை வாழ்த்துவோம்; ஆனால் ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு உயிரும் தற்செயலை நம்பி இருக்கலாமா?

பாளையங்கோட்டையில் 1965-இல் திருநெல்வேலி மருத்துவக் கல்லூரி பிறந்தது. மலையடிவாரத்திலிருந்து அங்கே போக ஏறத்தாழ 50 கிலோமீட்டர். ஆகவே நம் கோரிக்கைகள் தெளிவாக இருக்கவேண்டும். ஒன்று: யந்திரம் வைக்கும் இடமெல்லாம் நெறிப்படி நர்சுகள், அதுவும் ஒப்பந்தக் கூலிக்கு அல்ல, நிரந்தர வேலையில். இரண்டு: கோடுகளைப் படிக்கும் பயிற்சி, வேலையில் சேரும்போது ஒரு நாள் சடங்காக அல்ல, படுக்கையருகே தொடர்ந்து. மூன்று: சுவாசத் தொழில்நுட்பர்களை 2021-ஆம் ஆண்டின் துணை மருத்துவத் தொழிலாளர் சட்டம் அங்கீகரித்திருக்கிறது, அவர்களுக்குச் சர்க்கார் ஆஸ்பத்திரிகளில் பணியிடம். நான்கு: 50 கிலோமீட்டர் பயணத்தில் மூச்சைக் காக்கத் தகுந்த ஆம்புலன்சும், அதில் பயின்ற ஆளும்.

நாம் செய்யக்கூடியது

கோரிக்கை மட்டும் போதாது. நாமும் மாறவேண்டும். ஆஸ்பத்திரிக்குப் போய் நர்சிடம் சத்தம் போடுவது வீரம் அல்ல. அவரும் நம்மைப்போல் ஷிஃப்டு வேலை பார்க்கும் தொழிலாளிதான். நோயாளி என்ன வேலை பார்த்தார், எத்தனை வருஷம் தூசியில் இருந்தார், பீடி உண்டா, ஆஸ்துமா உண்டா, என்ன மருந்து சாப்பிட்டார் என்பதை முதல் நாளே மறைக்காமல் சொல்லுங்கள். அது கோடுகளைப் படிக்க உதவும்.

பிறகு பணிவோடு, ஆனால் பயமில்லாமல் கேளுங்கள்: உயரத்தை அளந்தீர்களா? காற்று முழுவதும் வெளியே வருகிறதா? நிறுத்திப் பிடித்த அழுத்தம் 30-க்குள் இருக்கிறதா? யந்திரத்தோடு மோதுகிறாரா, ஒத்துப்போகிறாரா? இன்று சொந்த மூச்சு விட்டுப் பார்த்தீர்களா? நல்ல டாக்டர் இந்தக் கேள்விகளுக்குக் கோபப்படமாட்டார், மகிழ்வார். ‘வென்டிலேட்டரில் போட்டால் ஆள் முடிந்தது’ என்று டீக்கடையில் பேசுவதையும் விட்டுவிடுவோம். அது எமன் அல்ல. நோய் குணமாகும்வரை உயிரைத் தாங்கிப் பிடிக்கும் முட்டுக்கால். முட்டுக்காலைச் சரியாக நிறுத்த ஆள் வேண்டும், அவ்வளவுதான்.

அந்தத் தோழர் இப்போது வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பேப்பர் படிக்கிறார். அகத்தியர் அருவிக்கு ஏறிப்போக முடியாது. ஆனால் அணை மட்டத்தைச் சத்தமாக வாசித்துத் தெருவுக்கே சொல்ல முடிகிறது. மகனைச் சந்தித்தபோது, அன்று கடன்பட்ட பதிலைச் சொன்னோம்:

“தம்பி, கோடு ஏறுவதை யந்திரமே செய்துவிடும். அது இறங்கி வந்து நடுக்கோட்டைத் தொடுகிறதா என்று பார்க்கத்தான் மனிதன் வேண்டும்.”

அந்த மனிதனை ஒவ்வொரு படுக்கைக்கும் அருகில் நிறுத்தும்வரை நாம் ஓயக்கூடாது.